யன்னலுக்குக் கீழே குந்தியிருந்தவன்

1

முதலில் என் மடத்தனத்தை ஒப்புக்கொண்டுவிடுகிறேன். அமெரிக்காவிலிருந்து ஒரு பெண் வந்து, டென்மார்க்கில், இக்காஸ்ட் என்ற ஊரில் இருக்கும் என் வீட்டைப் பிடுங்கப் போகிறாள் என்று பதினொரு நாட்கள் நம்பியிருந்தேன்.

காரணம் ஒரு கடிதம். கையால் எழுதிய ஆங்கிலக் கடிதம். பெயர் கரோல். "என் பூட்டனார் நூறு வருடங்களுக்கும் முன்பு உங்கள் ஊரிலிருந்து புறப்பட்டு அமெரிக்கா வந்தவர். எங்கள் குடும்பத்தைச் சேர்ந்த ஒன்று உங்கள் வீட்டில் இருப்பதாக அறிந்தேன். சனிக்கிழமை காலை, என்னிடமுள்ள ஆவணங்களுடன் வருகிறேன்."

டெனிஷ்காரன் ஒருவன் இதை வாசித்திருந்தால் கேக் வாங்கி வைத்திருப்பான். நான் யாழ்ப்பாணத்தான். வெளிநாட்டிலிருந்து ஒருவர் பூட்டனின் பெயரைச் சொல்லிக்கொண்டு ஆவணத்தோடு வருகிறார் என்றால் எங்களுக்கு ஒரே அர்த்தம்தான்: காணி உறுதியோடு, அதாவது நிலப் பத்திரத்தோடு வருகிறார். கனடாவிலிருந்து வந்திறங்கி, பிளாஸ்டிக் உறைக்குள்ளிருந்து மடிப்புக் கிழிந்த ஒரு தாளை எடுத்து நீட்டி, இருபது வருடம் குடியிருந்த சனத்தை எழுப்பியவர்களின் கதை என்னிடம் ஒரு டசின் இருக்கிறது. அவற்றைக் கலியாண வீடுகளில் நடித்துக் காட்டிக் கைதட்டல் வாங்கியவனும் நானே.

அதனால் கொம்யூனுக்கு, அதாவது நகரசபைக்குத் தொலைபேசி எடுத்தேன். முப்பது வருட டெனிஷைத் திரட்டி, "ஒரு அமெரிக்கர் நூறு வருடப் பழைய தாளோடு வந்தால் என் வீட்டை எடுக்கலாமா?" என்று கேட்டேன். அந்தப் பக்கத்தில் இருந்த பெண் மிக மெதுவாக, "உங்களோடு வீட்டில் வேறு யாராவது இருக்கிறார்களா?" என்றாள்.

"மனைவி இருக்கிறா."

"அவரோடு கொஞ்சம் கதைத்துப் பாருங்கள்."

கதைத்துப் பார்த்தேன். ரஞ்சி முதியோர் இல்லத்தில் வேலை செய்பவள். பதறுகிற ஆண்களைக் கையாண்டு பழகியவள். "இஞ்சேரப்பா, வீடு பாங்க்காரன்ரை. வாறவ அவனோடை போய்க் கதைக்கட்டும்" என்று சொல்லிவிட்டு வெங்காயம் வெட்டப் போய்விட்டாள்.

சனிக்கிழமை காலை மழை. ரஞ்சி கடைக்குப் போயிருந்தாள். மணி அடித்தது. குசினி யன்னலால் எட்டிப் பார்த்தேன். மஞ்சள் மழைக்கோட்டுப் போட்ட உயரமான ஒரு மனிசி, கையில் பெரிய உருளைப் பெட்டியுடன் நின்றார். உறுதி அதற்குள்தான் இருக்கிறது என்று முடிவு செய்தேன். அடுத்த கணம், ஐம்பத்து மூன்று வயது, ஒன்பது வருடம் தொழிற்சங்கப் பிரதிநிதியாக இருந்து முதலாளிமாரோடு மேசையில் அடித்துப் பேசிய இந்த வீரன், யன்னலுக்குக் கீழே நிலத்தில் குந்தியிருந்தான். முழங்கால் இரண்டும் அப்பளம் மாதிரி நொறுங்கின.

மணி மூன்று தரம் அடித்தது. நான் மூச்சு விடவில்லை.

எவ்வளவு நேரம் என்று தெரியாது. ரஞ்சியின் குரல் வாசலில் கேட்டது. கதவு திறந்தது. மழைநீர் சொட்டச் சொட்ட ஒரு மஞ்சள் கோட்டும், அதற்குப் பின்னால் என் மனைவியும்.

"மனிசி படியிலை நனைஞ்சுகொண்டு இருக்குது. நீங்கள் நிலத்திலை என்ன தேடுறியள்?"

"கரண்டி விழுந்திட்டுது."

"கரண்டியெல்லாம் மேசை இலாச்சிக்குள்ளைதான் கிடக்கு. எழும்புங்கோ."

2

உருளைப் பெட்டிக்குள் இருந்தது வம்ச வரைபடம். எட்டுத் தாள்களை ஒட்டிய ஒரே சுருள். எங்கள் சாப்பாட்டு மேசை போதவில்லை. மூலைகளுக்கு ஊறுகாய்ப் போத்தல், சீனிப் போத்தல் என்று பாரம் வைத்தோம். நடுவில் ஒரு பெயர், சிவப்புக் கோட்டால் சுற்றப்பட்டது: நீல்ஸ், நெசவாளர், இக்காஸ்ட்.

கரோல் ஓய்வுபெற்ற பள்ளிக்கூட பஸ் சாரதி. சாரதிகள் சங்கத்தில் இருபது வருடம் இருந்தவர். நீல்ஸின் கதையை ஒவ்வொரு நத்தார்ப் பண்டிகைக்கும் சாப்பாட்டு மேசையில் கேட்டு வளர்ந்திருக்கிறார். நீல்ஸ் இந்த ஊர் ஆலையில் ஒரு வேலைநிறுத்தத்தை நடத்தினாராம். முதலாளிகள் அவரை ஊரைவிட்டுத் துரத்தினார்களாம். மனைவியையும் கைக்குழந்தையையும் கூட்டிக்கொண்டு கப்பலேறி, போன இடத்திலும் சங்கம் கட்டினாராம். கரோல் ஓய்வுபெற்ற அன்று நடந்த விருந்தில் அந்தக் கதையைத்தான் பேச்சாகப் பேசியிருக்கிறார். "எல்லாரும் எழுந்து நின்றார்கள்" என்றார்.

இப்போது அவருக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. அந்தக் காலத்துச் சங்கக் கூட்டக் குறிப்புப் புத்தகத்தில் நீல்ஸின் பெயர் இருக்கும் பக்கம். அதைப் படம் எடுக்க வேண்டும். அந்தப் புத்தகம் என் நிலவறையில் இருக்கிறது என்று சொன்னது பென்ட், எங்கள் சங்கக் கிளையின் கடைசித் தலைவர். இப்போது ரஞ்சி வேலை செய்யும் இல்லத்தில் இருக்கிறார்.

பென்ட் சொன்னது சரி. நான் இந்த ஊருக்கு வந்த காலத்தில் இங்கே தையல் ஆலைகள் ஓடின. நானும் ஒன்றில் ரீ-சேர்ட்டுக்குக் கழுத்துத் தைத்தேன். என்னைச் சங்கப் பிரதிநிதியாகத் தெரிவு செய்ததற்குக் கொள்கை ஒன்றும் காரணமில்லை. யார் பிரதிநிதியாக வருவது என்று கேட்டபோது மற்ற எல்லாரும் தலையைக் குனிந்தார்கள். நான் ஒரு பகிடி சொல்வதற்காக நிமிர்ந்தேன். ஒன்பது வருடம் ஓடிவிட்டது. பிறகு மெஷின்கள் போலந்துக்குப் போயின. ஆலை மூடியது, கிளையும் மூடியது. சங்கக் கந்தோரைத் துப்புரவாக்கிய அன்று பென்ட் நாலு பெட்டிகளை என் காருக்குள் வைத்து, "யாராவது வந்து எடுக்கும்வரை வைத்திரு குணா" என்றார். ஒருவரும் வரவில்லை.

அன்று பென்ட் ஒரு புத்தகத்தை விரித்து ஒரு பக்கத்தை எனக்கு வாசித்தும் காட்டினார். பக்கத்தின் நடுவே இரண்டு கறுப்புக் கோடுகள். அவற்றுக்குக் கீழே ஐந்து பெயர்கள். வேலைநிறுத்தத்தின்போது பின்கதவால் வேலைக்குப் போனவர்கள். கருங்காலிகள். மூன்றாவது பெயர் நீல்ஸ், நெசவாளர்.

கரோல் சிவப்புக் கோட்டைத் தடவிக்கொண்டிருந்தார்.

"பெட்டியெல்லாம் ஈரத்திலை கிடக்கு" என்று ஆங்கிலத்தில் இழுத்தேன். "தேட வேணும். நாளைக்குப் பின்னேரம் வாங்கோ. என்ரை மகளும் வருவா. அவ பழைய எழுத்து வாசிப்பா."

வீடு பிழைத்தது. அந்தச் சந்தோசம் ஒரு கோப்பி குடித்து முடியும் வரைகூட நிற்கவில்லை.

3

மகளைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஆரணி பக்கத்து நகரமான ஹேர்னிங்கில் ஆசிரியை. ஏழாம் வகுப்புக்குச் சமயபாடம். நான் தமிழில் கேட்டால் டெனிஷில் பதில் சொல்லும் தலைமுறை. ஏதாவது உதவி வேண்டுமென்றால் மட்டும் தமிழ் ஊற்றெடுக்கும். ஆகவே அந்தச் சனி மாலை அவள் தொலைபேசியில் "அப்பா, சுகமா இருக்கிறியளோ?" என்று தொடங்கியதும் நான் உசாரானேன்.

"இஸ்லாம் படிப்பிக்கிறன் அப்பா. புத்தகத்திலை ஒட்டகமும் மணலும்தான் கிடக்கு. நான் ஒவ்வொரு பக்கம் பிரட்டேக்கையும் முழு வகுப்பும் திரும்பி ரெண்டு பிள்ளையளைப் பாக்குது. அதுகள் ரெண்டும் இஞ்சை பிறந்ததுகள். ஒட்டகத்தை மிருகக்காட்சிச்சாலையிலைதான் கண்டிருக்குங்கள். வியாழக்கிழமை நீங்கள் வாங்கோ."

"நான் வந்து என்ன செய்ய? ஒட்டகமா நடிக்கிறதோ?"

"ஹோல் நூ ஒப், ஃபா." போதும் அப்பா என்று அர்த்தம். "நிஸாம் மாமாவைப் பற்றிச் சொல்லுங்கோ. பக்கத்துத் தெருப் பெடியன். நோம்புக் கஞ்சி. தையல்கடை. அவ்வளவும் போதும்."

நிஸாம். ஆரணி சின்னவளாக இருந்தபோது அவளுக்கு நான் சொன்ன கதைகளில் ராசாக்கள் இல்லை, நிஸாம்தான் இருந்தான். எங்கள் வீடு ஓட்டுமடத்தில், அவன் வீடு இரண்டு ஒழுங்கை தள்ளிச் சோனகத் தெருவில். ஒரே வகுப்பு, ஒரே வாங்கில் பக்கத்துப் பக்கத்தில் இருந்தோம். பள்ளி விடுமுறையில் அவன் வாப்பாவின் தையல்கடையில் நாங்கள் இருவரும் மெஷினை உடைத்து ஏச்சு வாங்குவோம். இந்த நாட்டில் எனக்கு முதல் வேலை கிடைத்ததே தையல் மெஷினில் வேலை செய்து பழக்கம் என்று சொன்னதால்தான். அவன் வீட்டில் பச்சைத் துணியில் சுற்றிய ஒரு குர்ஆன் இருந்தது. முன்பக்க வெற்றுத் தாள்களில் அவனுடைய அப்பாவின் அப்பா காலத்திலிருந்து குடும்பத்தில் பிறந்தவர், இறந்தவர் பெயர்கள். ஒருமுறை கை கழுவிவரச் சொல்லிவிட்டுத் தன் பெயரை எனக்குக் காட்டினான். கடைசிக்கு முதல் வரி. அவனுக்குக் கீழே தங்கச்சியின் பெயர்.

எட்டு வயதில் ஆரணி, "நிஸாம் மாமா இப்ப எங்கை?" என்று கேட்டாள். தூர இடத்துக்குப் போய்விட்டார்கள் என்றேன். பதினைந்து வயதில் இணையத்தில் எல்லாவற்றையும் வாசித்துவிட்டு வந்து நின்றாள். தொண்ணூறாம் ஆண்டு ஐப்பசியில் யாழ்ப்பாணத்து முஸ்லிம்கள் முழுப்பேரையும் எங்கள் இயக்கம் இரண்டு மணித்தியாலத்துக்குள் வெளியேறச் சொன்னதை, அவர்களை வெறுங்கையோடு அனுப்பியதை. "நீங்கள் அண்டைக்கு எங்கை நிண்டனீங்கள்?" என்று கேட்டாள்.

"மானிப்பாயிலை, பெரியப்பா வீட்டிலை. வந்து பாக்கேக்கை ஒருத்தரும் இல்லை பிள்ளை."

அவள் என்னைக் கட்டிப்பிடித்து அழுதாள். நானும் அழுதேன்.

நான் மானிப்பாயில் நிற்கவில்லை. வீட்டில்தான் இருந்தேன். இதை ரஞ்சிக்குக்கூடச் சொன்னதில்லை.

"வியாழன் வாறன்" என்று தொலைபேசியை வைத்தேன். பகிடிகளாக நிரப்பிவிட்டால் நாற்பத்தைந்து நிமிடத்தைக் கடந்துவிடலாம் என்று கணக்குப் போட்டேன்.

4

ஞாயிறு பின்னேரம். கரோல் இந்தமுறை கேக்கோடு வந்தார். ஆரணி புத்தகத்தைத் தன் முன்னால் வைத்துக்கொண்டாள். பக்கம் பிரட்டும் பொறுப்பை நான் எடுத்துக்கொண்டேன். தாள் பழசு, எனக்குத்தான் பழக்கம் என்று ஒரு நியாயமும் சொன்னேன்.

அந்தப் பக்கம் வந்தபோது இரண்டு தாள்களைச் சேர்த்துப் பிரட்டினேன். மிக இயல்பாக. சீட்டாட்டக்காரன் தோற்றுப்போவான்.

"அப்பா, ரெண்டு தாளை ஒண்டாப் பிரட்டிட்டியள்" என்றாள் என் மகள். ஆசிரியைகளின் கண்ணுக்குத் தப்பவே ஏலாது.

அவள் வாசித்தாள். முதலில் டெனிஷில், பிறகு கரோலுக்காக ஆங்கிலத்தில். வாசிக்க வாசிக்க அவளுடைய குரல் இறங்கியது. கீழே பெயர் குறிக்கப்பட்டவர்கள் வேலைநிறுத்தத்தின்போது வேலை செய்தார்கள். இனி அவர்களை நாங்கள் தோழர்களாகக் கணக்கெடுக்க மாட்டோம். மூன்றாவது பெயரில் அவளுடைய விரல் நின்றது.

கரோல் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். திரும்பப் போட்டுக்கொண்டு புத்தகத்தைப் பார்த்தார். பிறகு தன்னுடைய சுருளில் ஒரு இடத்தைத் தேடினார்.

"இந்த மாதம்தான் என் பாட்டி பிறந்திருக்கிறார்" என்றார். "வீட்டில் பச்சைக் குழந்தை." பிறகு, "வேலைநிறுத்தத்தில் நின்ற மற்றவர்கள் வீட்டிலும் குழந்தைகள் இருந்திருக்கும்" என்றார்.

நான் சும்மா இருந்திருக்க வேண்டும். "இந்தப் பக்கம் ஒட்டிக்கொண்டு பிரியவில்லை என்று நான் சொல்லியிருந்தால் நீங்கள் சந்தோசமாகப் போயிருப்பீர்கள்" என்றேன், சிரித்துக்கொண்டு.

அவர் சிரிக்கவில்லை. "அவர் அமெரிக்காவில் சாகும்வரை ஒரு சங்கக் கூட்டத்தையும் தவறவிட்டதில்லை. காய்ச்சலோடும் போவாராம். அதை நாங்கள் பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்தோம். அந்த மனிதர் எதற்காகப் போனார் என்று வீட்டில் ஒருவருக்கும் தெரியவில்லை. அதைத் தனியாகவே மனதில் வைத்திருந்து செத்திருக்கிறார்."

பென்சிலை எடுத்து, சிவப்பு வட்டத்துக்குக் கீழே அந்தப் பக்கத்தில் இருந்ததை அப்படியே எழுதினார். படம் எடுத்தார். நான் கேக் வெட்டினேன். ஒருவரும் சாப்பிடவில்லை.

போகும்போது என் கையைப் பிடித்தார். "நான் பன்னிரண்டு வருடமாக ஆட்களைத் தேடுகிறேன். எனக்கு அது வரும். உங்களுக்கு யாரையாவது கண்டுபிடிக்க வேண்டுமா?"

"எங்கடை ஆக்கள் முழுப்பேரும் வாட்ஸப்பிலை இருக்கினம்" என்றேன். "ஒளிக்கிறதுதான் கஸ்டம்."

"அப்பா! நிஸாம் மாமா!" என்றாள் ஆரணி. முகமெல்லாம் வெளிச்சம். "நிஸாம் மாமாவைத் தேடிக் குடுக்கச் சொல்லுங்கோவன்!"

"பிறகு பாப்பம் பிள்ளை. மழை வருது, அவவை விடு."

மழை வரவில்லை.

5

வியாழன். இருபத்திரண்டு பிள்ளைகள். நான் நன்றாகத்தான் நடித்தேன். நோம்புக் கஞ்சிக்காக நிஸாம் வீட்டு வாசலில் பாத்திரத்தோடு நின்றது, பாங்கு சொல்ல முதல் ஒரு வாய் குடித்துவிட்டு அவனுடைய உம்மாவிடம் பிடிபட்டு அகப்பையால் அடி வாங்கியது, காற்சட்டைக்குப் பொத்தான் துளை போடச் சொன்னால் பின்பக்கத்தில் போட்டது. வகுப்பு விழுந்து விழுந்து சிரித்தது. ஆரணி சொன்ன அந்த இரண்டு பிள்ளைகளும் சிரித்தார்கள். ஒருத்தி, தன் பெரியம்மாவும் இப்படித்தான் அகப்பையால் அடிப்பா என்றாள். ஒருவரும் அவர்களை ஒட்டகம் பார்ப்பதுபோலத் திரும்பிப் பார்க்கவில்லை. பின்சுவரில் சாய்ந்து நின்ற என் மகளின் முகத்தில் அப்படி ஒரு பெருமை.

மணி அடிக்க ஐந்து நிமிடம் இருந்தபோது மற்றவள், ஹனான், கையை உயர்த்தினாள்.

"அவர் இப்போது எங்கே?"

போகச் சொன்னார்கள், போனார்கள் என்றேன். அவ்வளவு சுருக்கமாக.

"போகும்போது உங்களிடம் சொல்லிவிட்டுப் போனாரா?"

நான் வாயைத் திறப்பதற்குள் பின்சுவரிலிருந்து ஆரணி பதில் சொன்னாள். தெளிவான, அழகான டெனிஷில், ஆசிரியைக் குரலில். "அப்பா அன்றைக்கு வீட்டில் இல்லை. வேறு ஊரில் இருந்தார். திரும்பி வந்தபோது அவர்கள் போய்விட்டார்கள்."

இருபத்திரண்டு தலைகளும் ஆடின. சிலர் எழுதியும் கொண்டார்கள்.

என் பொய்யை நான் சொல்லும்போது அது எனக்குப் பழகிய சட்டை மாதிரி இருந்தது. என் பிள்ளை, தன் பிள்ளைகளுக்கு முன்னால், உண்மை என்று நம்பி அதை எடுத்துச் சொன்னபோதுதான் அது எப்படி இருக்கிறது என்று பார்த்தேன். இனி ஹனான் வீட்டுக்குப் போய்ச் சொல்லுவாள். ஆரணிக்கு ஒரு நாள் பிள்ளைகள் பிறக்கும்.

"நான் வீட்டில் இருந்தேன்" என்றேன்.

ஆரணி சிரித்தாள். என் டெனிஷ் வழக்கம்போலத் தடுமாறிவிட்டது என்று நினைத்தாள். "இல்லை என்று சொல்ல வருகிறார்" என்று வகுப்புக்குச் சொன்னாள்.

"இல்லை. வீட்டில் இருந்தேன். அவன் வந்து கூப்பிட்டான். நான் கதவைத் திறக்கவில்லை."

ஹனான்தான் மறுபடியும் கேட்டாள்.

"பிறகு அவரைத் தேடினீர்களா?"

"இல்லை."

அவள் தலையாட்டினாள். கோபமாகத் தெரியவில்லை. அவளுக்கு இது புதிய செய்தியில்லை என்பதுபோல இருந்தது அந்தத் தலையாட்டல். மணி அடித்தது. கதிரைகள் இழுபட்டன.

ஆரணி என்னைக் கார் நிறுத்தும் இடம்வரை கொண்டுவந்து விட்டாள். வழியில் ஒரு பகிடி தேடினேன், கிடைக்கவில்லை. கார்க் கதவைப் பிடித்துக்கொண்டு டெனிஷில் கேட்டாள், "என்னை ஏன் அதைச் சொல்ல வைத்தீர்கள்?" அதற்குப் பிறகு எங்கள் வீட்டுக்கு வரவில்லை. ரஞ்சியோடு கதைக்கிறாள். நான் எடுத்தால், வகுப்பு இருக்கிறது என்கிறாள். ஞாயிற்றுக்கிழமைகளிலும் வகுப்பு இருக்கிறது.

ரஞ்சிக்கு அன்று பின்னேரம் எல்லாவற்றையும் சொன்னேன். கேட்டு முடித்து, "அதுதான் மணி அடிச்சா நிலத்திலை இருக்கிறியளோ?" என்றாள். இந்த முறை அவளும் சிரிக்கவில்லை.

6

கரோலுக்கு எழுதினேன். முழுவதையும் எழுதினேன். நிஸாமின் பெயரை எழுதினேன். கரோல் ஒரே நாளில் பதில் போட்டார். கண்டிக்கவும் இல்லை, தேற்றவும் இல்லை. வேலையில் இறங்கிவிட்டார். தகப்பனின் முழுப்பெயர் என்ன? தகப்பனின் தகப்பன்? பிறந்த திகதி? தாயின் பெயர்? தங்கச்சியின் பெயர்? இவற்றில் இரண்டு இருந்தாலும் போதும் என்று எழுதியிருந்தார். புத்தளம் பக்கம் அகதி முகாம்களில் இருந்த குடும்பங்களில் நிஸாம் என்ற பெயரில் எத்தனையோ பேர் இருப்பார்கள், வெறும் பெயரை வைத்து ஒன்றும் செய்ய ஏலாது.

நான் பத்து வருடம் போய்வந்த வீடு. எனக்கு அவர் வாப்பா, அவ உம்மா. தங்கச்சியை நாங்கள் எல்லாரும் சின்னது என்றுதான் கூப்பிட்டோம். அந்தத் தாளில் அவளுடைய பெயர் எங்கே இருந்தது என்று தெரிகிறது. என்ன பெயர் என்று தெரியவில்லை. கரோல் கேட்ட அத்தனையும் அந்தப் பச்சைத் துணிக்குள் இருந்தது.

கரோலுக்கு நான் எழுதியதை, வாசிக்கிற உங்களுக்கும் எழுதிவிடுகிறேன். அம்மாவும் அப்பாவும் மானிப்பாய்க்குப் போயிருந்தார்கள். ஒலிபெருக்கி கட்டிய வாகனம் சோனகத் தெருப் பக்கம் அறிவித்துக்கொண்டு போனது எங்கள் வீடுவரை கேட்டது. நிஸாம் சைக்கிளை வாசல் படலையில் சாத்திவிட்டு முற்றத்துக்குள் வந்தான். கையில் அந்தப் பச்சைத் துணிப் பொட்டலம். "குணா, இதை மட்டும் வச்சிரு மச்சான். வழியிலை பறிச்சுப் போடுவாங்கள். வந்து எடுக்கிறன்" என்று மூடிய கதவுக்கு வெளியே நின்று சொன்னான். மூன்று தரம் கூப்பிட்டான். நான் யன்னலுக்குக் கீழே குந்தியிருந்தேன். எனக்கு அப்போது பதினெட்டு வயது, முழங்கால் நோகவில்லை. அவன் கொஞ்ச நேரம் நின்றான். பிறகு பொட்டலத்தைக் கரியரில் வைத்துக் கட்டி, படலையைச் சாத்திவிட்டுப் போனான்.